தஞ்சம், வாய்ப்பு, ஊடுருவல்: 2024 வங்கதேச நெருக்கடியும் தமிழ் நாளிதழ்களின் செய்திச் சட்டகங்களும் – தாராபுரம் வட்டாரத்தை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

2024 ஆகஸ்டு 5 அன்று வங்கதேசப் பிரதமர் ஷேக் ஹசீனா பதவி விலகி இந்தியாவுக்கு வந்தார். அவ்வாட்சி மாற்றத்தையும் அதன் தொடர்ச்சிகளையும் தமிழ் நாளிதழ்கள் உலகப் பக்கம், வணிகப் பக்கம், மாவட்டப் பக்கம் ஆகிய மூன்று இடங்களில் வெளியிட்டன. உலகப் பக்கத்தில் அந்நெருக்கடி ஒரு தலைவரின் தஞ்சமாகவும், வணிகப் பக்கத்தில் திருப்பூருக்கு வாய்த்த வாய்ப்பாகவும், மாவட்டப் பக்கத்தில் ஆவணமற்றோரின் ஊடுருவலாகவும் உருப்பெற்றது. இம்மூன்று சட்டகங்களும் ஒன்றையொன்று காணாத வகையில் பக்கப் பிரிவினையே தடுத்துவிடுகிறது என்பதையும், அத்தடுப்பினால் நெருக்கடிக்கு உள்ளான மக்களின் அரசியல் செய்தியிலிருந்து நீங்கிவிடுகிறது என்பதையும், நூற்பாலைத் தொழிலைச் சார்ந்த தாராபுரம் வட்டாரத்தின் நிலையிலிருந்து இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: செய்திச் சட்டகம், வங்கதேசம், திருப்பூர், தாராபுரம், நூற்பாலை, தஞ்சம், ஊடுருவல்.

முன்னுரை

அமராவதி ஆற்றங்கரையில் அமைந்த பழைய ஊர்களுள் ஒன்று தாராபுரம். ஈரோடு மாவட்டத்தில் இருந்த இவ்வட்டம், 2009-இல் திருப்பூர் மாவட்டம் உருவானபோது அதனுடன் இணைக்கப்பட்டது. திருப்பூரின் பனியன் கம்பெனிகளுக்குத் தொழிலாளர் செல்லும் ஊராகவும், நூற்பாலைகள் இயங்கும் வட்டாரமாகவும் ஒரே வேளையில் அது விளங்குகிறது. எனவே உலகச் சந்தையில் ஏற்படும் அசைவு இங்குச் செய்தியாக மட்டும் வந்து சேர்வதில்லை. வேலை நாள்களின் எண்ணிக்கையாகவும் வாரக் கூலியாகவும் வந்து சேர்கிறது.

இத்தகைய வட்டாரத்தின் வாசகருக்கு வங்கதேசம் அயல்நாடு மட்டுமன்று. அது திருப்பூருக்குப் போட்டியாளர். இந்தியப் பருத்தி நூலுக்குப் பெரிய வாடிக்கையாளர். பிழைப்புத் தேடி வருவோர் சிலரின் தாயகம். மூன்று உறவுகளையும் ஒருங்கே கொண்ட ஒரு நாட்டின் அரசியல் நெருக்கடி, அவ்வாசகரின் கைக்கு எந்த வடிவில் வந்து சேர்ந்தது என்பதே இங்கு எழுப்பப்படும் வினா. செய்திகளை எண்ணிக்கையால் அளக்கும் முறையை இக்கட்டுரை மேற்கொள்ளவில்லை. செய்தியின் சொல்லாட்சி, அது இடம்பெறும் பக்கம், அது பேசவைக்கும் தரப்பு, அது விட்டுச்செல்லும் தரப்பு ஆகியவற்றையே நோக்குகிறது.

1. சட்டகம் என்னும் கருத்தாக்கம்

அயல்நாட்டுச் செய்தியின் கட்டமைப்பைப் பற்றிய ஆய்வுகளுக்கு அடித்தளமிட்டவர்கள் ஜோஹான் கால்டுங்கும் மாரி ஹோல்ம்போ ரூகேவும் ஆவர். காங்கோ, கியூபா, சைப்ரஸ் நெருக்கடிகளை நான்கு நார்வே நாளிதழ்கள் வெளியிட்ட விதத்தை ஆராய்ந்து 1965-இல் அவர்கள் எழுதிய கட்டுரை, எந்நிகழ்வு செய்தியாகிறது என்பதற்கான காரணிகளை வரிசைப்படுத்தியது. வல்லரசுகளுடன் தொடர்புடையவை, உயர்நிலை மனிதரைச் சார்ந்தவை, ஒரு தனியாளின் செயலாகச் சொல்லத்தக்கவை, எதிர்மறையானவை ஆகியன எளிதில் செய்தியாகும் என்பது அவர்களின் முடிவுகளுள் ஒன்று.

செய்தியான பின் அது எவ்வாறு பொருள் கொள்ளப்படுகிறது என்பதை ராபர்ட் எண்ட்மன் 1993-இல் தெளிவுபடுத்தினார். சட்டகம் நான்கு பணிகளைச் செய்கிறது: சிக்கல் இன்னதென்று வரையறுக்கிறது, அதன் காரணத்தைச் சுட்டுகிறது, அறத்தீர்ப்பு வழங்குகிறது, தீர்வைப் பரிந்துரைக்கிறது. ஒரு சட்டகம் பொய்யான தகவலைத் தரவேண்டும் என்பதில்லை. உண்மைகளுள் சிலவற்றை முன்னிறுத்திப் பிறவற்றைப் பின்னே தள்ளுவதன் மூலமே அது செயற்படுகிறது. இக்கட்டுரையில் எடுத்துக்காட்டப்படும் மூன்று சட்டகங்களும் இவ்வகையில் உண்மைகளால் ஆனவையே. குறை, அவை தனித்தனியே நிற்பதில் உள்ளது.

2. நிகழ்வும் அதற்கு இடப்பட்ட பெயர்களும்

விடுதலைப் போராட்ட வீரர்களின் வழித்தோன்றல்களுக்கு அரசுப் பணியில் வழங்கப்பட்ட 30 விழுக்காட்டு ஒதுக்கீட்டை 2024 ஜூன் 5 அன்று டாக்கா உயர்நீதிமன்றம் மீண்டும் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. அதனை எதிர்த்து மாணவர்கள் ஜூலையில் திரண்டனர். ஜூலை 16-இல் ரங்பூரில் மாணவர் ஒருவர் காவல்துறையால் சுடப்பட்டு இறந்த காட்சி நாடெங்கும் பரவியது. இணையம் துண்டிக்கப்பட்டது, ஊரடங்கு அறிவிக்கப்பட்டது. ஜூலை 21-இல் உச்சநீதிமன்றம் ஒதுக்கீட்டைப் பெரிதும் குறைத்த பின்னரும் போராட்டம் தணியவில்லை. ஆட்சி விலக வேண்டும் என்ற ஒற்றைக் கோரிக்கையாக அது மாறியது. ஆகஸ்டு 5-இல் ஹசீனா நாட்டைவிட்டு வெளியேறினார். 8-ஆம் நாள் முகமது யூனுஸ் இடைக்கால அரசின் தலைமை ஆலோசகராகப் பொறுப்பேற்றார். ஜூலை 1 முதல் ஆகஸ்டு 15 வரை 1,400 பேர் வரை கொல்லப்பட்டிருக்கலாம் என்றும், அவர்களுள் 12 முதல் 13 விழுக்காட்டினர் சிறார் என்றும் 2025 பிப்ரவரியில் வெளியான ஐக்கிய நாடுகள் மனித உரிமை அலுவலகத்தின் அறிக்கை மதிப்பிட்டது.

இந்நிகழ்வைக் குறிக்கத் தமிழில் பல சொற்கள் உண்டு: போராட்டம், கிளர்ச்சி, எழுச்சி, கலவரம், வன்முறை, ஆட்சிக் கவிழ்ப்பு. ‘போராட்டம்’ என்ற சொல்லுக்குப் போராடுவோரும் கோரிக்கையும் வேண்டும். ‘கலவரம்’ என்ற சொல்லுக்கு இரண்டும் தேவையில்லை. அது மழைபோல ‘வெடிக்கிறது’, ‘பரவுகிறது’, ‘ஓய்கிறது’. ஜூலைத் தொடக்கத்தில் மாணவர் போராட்டமாக இருந்த செய்தி, உயிரிழப்புகள் பெருகப் பெருகக் ‘கலவரம்’ எனச் சுருங்குவது தமிழ் இதழியல் நடையின் இயல்பான போக்கு. சுடுபவர் யார், சுடப்பட்டவர் யார் என்ற வினா அச்சொல்லுக்குள் மறைந்துவிடுகிறது.

ஆகஸ்டு 5-க்குப் பின் உலகப் பக்கத்தின் மையம் ஹசீனாவின் மீது நிலைகொண்டது. அவரது விமானம் காசியாபாத்தை அடுத்த ஹிண்டன் தளத்தில் இறங்கியது, எந்நாட்டில் அவர் தங்குவார், இந்தியா என்ன செய்யும் என்பன தொடர்செய்திகளாயின. தனியாள்மயமாக்கல் எனக் கால்டுங்கும் ரூகேவும் குறிப்பிட்ட போக்கு இதுவே. அடுத்து, சிறுபான்மை இந்துக்கள் மீதான தாக்குதல் முதன்மை பெற்றது. அத்தாக்குதல்கள் நிகழ்ந்தன என்பதை ஐ.நா. அறிக்கையும் பதிவுசெய்துள்ளது, அவற்றைச் செய்தியாக்குவது இதழியலின் கடமை. ஆயினும் ஜூலையில் இறந்த மாணவர்கள், பாதசாரிகள், சிறார்கள் ஆகியோருக்கு அதே அளவு இடம் கிடைக்காதபோது, நெருக்கடி எப்போது தொடங்கியது என்ற வரையறையே மாறுகிறது. ஜூலையில் தொடங்கினால் அது அரசின் வன்முறை. ஆகஸ்டில் தொடங்கினால் அது கும்பலின் வன்முறை. தொடக்க நாளைத் தேர்வதும் சட்டகப்படுத்தலே.

3. வணிகப் பக்கம்: ‘வாய்ப்பு’

வங்கதேசத்தின் ஏற்றுமதி வருவாயில் ஐந்தில் நான்கு பங்கிற்கும் மேல் ஆயத்த ஆடைகளால் கிடைப்பது. ஆகவே அங்குத் தொழிற்சாலைகள் மூடப்பட்ட உடனேயே, ஆர்டர்கள் திருப்பூருக்குத் திரும்பும் என்ற எதிர்பார்ப்பு செய்தியானது. வங்கதேச ஏற்றுமதியில் 10 முதல் 11 விழுக்காடு திருப்பூர் போன்ற இந்திய மையங்களுக்குத் திரும்பினால், மாதந்தோறும் 30 கோடி முதல் 40 கோடி டாலர் வரை கூடுதல் வணிகம் கிடைக்கும் என்ற மதிப்பீடு பரவலாக எடுத்தாளப்பட்டது. ‘திரும்பினால்’ என்பது நிபந்தனை. தலைப்பிற்கு வரும்போது அந்நிபந்தனை உதிர்ந்து ‘வாய்ப்பு’ என்ற பெயர்ச்சொல் மட்டும் எஞ்சுகிறது.

2013 ஏப்ரல் 24 அன்று டாக்காவை அடுத்த சாவரில் ரானா பிளாசா கட்டடம் இடிந்து 1,134 பேர் மாண்டபோதும் இதே எதிர்பார்ப்பு பேசப்பட்டது. 2023 அக்டோபர், நவம்பர் மாதங்களில் வங்கதேச ஆடைத் தொழிலாளர் 23,000 டாக்கா குறைந்தபட்ச ஊதியம் கோரித் தெருவில் இறங்கியபோது, அரசு 12,500 டாக்காவை நிர்ணயித்தது. போராட்டத்தில் தொழிலாளர் உயிரிழந்தனர். ஒவ்வொரு முறையும் அங்குள்ள தொழிலாளர் செய்தியில் இடம்பெறும் வகை ஒன்றே: அவர்கள் ஆர்டரைத் தாமதப்படுத்தும் காரணம். அவர்கள் கேட்ட கூலி என்ன, அது ஏன் மறுக்கப்பட்டது என்பவை வணிகச் செய்தியின் எல்லைக்கு அப்பால் நின்றுவிடுகின்றன.

எதிர்பார்ப்பின் விளைவையும் நோக்க வேண்டும். 2024-25 நிதியாண்டில் வங்கதேசத்தின் ஆயத்த ஆடை ஏற்றுமதி குறையவில்லை. ஏறத்தாழ 9 விழுக்காடு உயர்ந்து 3,900 கோடி டாலரைக் கடந்தது. திருப்பூரின் பின்னலாடை ஏற்றுமதியும் அதே காலத்தில் உயர்ந்து ஏறத்தாழ 40,000 கோடி ரூபாய் அளவை எட்டியது. இரண்டும் வளர்ந்தன. மிகப் பின்தங்கிய நாடு என்ற வகையில் வங்கதேச ஆடைக்கு ஐரோப்பிய ஒன்றியத்தில் இறக்குமதி வரி இல்லை; இந்திய ஆடைக்கு அப்போது அச்சலுகை இருக்கவில்லை. கொள்முதல் நிறுவனங்கள் பல மாதங்களுக்கு முன்பே ஒப்பந்தம் செய்கின்றன. பெருந்தொகை ஆர்டரைச் சில வாரங்களில் நாடு மாற்ற இயலாது. ஒருவரின் வீழ்ச்சி மற்றவரின் வளர்ச்சி என்னும் தராசுக் கணக்கைக் கொண்ட ‘வாய்ப்பு’ச் சட்டகம், உலகச் சந்தையின் இவ்வியக்கத்தை விளக்கப் போதுமானதாக இல்லை.

4. தாராபுரத்தின் நிலை: நூலின் பக்கம்

இச்சட்டகத்தின் பிளவு திருப்பூர் மாவட்டத்திற்குள்ளேயே தெரிகிறது. இந்தியப் பருத்தி நூலை மிகுதியாக வாங்கும் நாடு வங்கதேசம். அங்குத் தொழிற்சாலை நின்றால் பனியன் ஏற்றுமதியாளருக்கு அது எதிர்பார்ப்பு. நூற்பாலைக்கு அது தேங்கிய சரக்கு. தாராபுரம், வெள்ளக்கோவில், உடுமலைப்பேட்டை வட்டாரங்களின் நூற்பாலைகளைச் சார்ந்தோருக்கு டாக்காவின் கதவடைப்பை ‘வாய்ப்பு’ என்று வாசிப்பது எளிதன்று. ‘கொங்கு மண்டலத்திற்கு நன்மை’ என்ற பொதுக்கூற்று, ஒரு தொழிலின் ஒரு பிரிவினரது நலனை முழு வட்டாரத்தின் நலனாக விரித்துக் காட்டுகிறது.

இம்முரண் தமிழ் நாளிதழ்கள் அறியாததன்று. நூல் விலை உயர்வைக் கண்டித்து 2022 மே 16, 17 நாள்களில் திருப்பூரின் பின்னலாடைத் தொழில் வேலைநிறுத்தம் செய்தது. பஞ்சு, நூல் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்த வேண்டும் என்ற கோரிக்கை அப்போது உரக்க ஒலித்தது. ஆலை ஒரு தரப்பு, கம்பெனி மறுதரப்பு என்று மாவட்டப் பக்கம் அன்று தெளிவாக எழுதியது. உள்ளூர்ப் பூசலில் பிரித்துக் காட்டத் தெரிந்த அதே இதழியல், அயல்நாட்டு நெருக்கடி வந்ததும் இரு தரப்பையும் ‘நாம்’ என்ற ஒரே சொல்லில் சேர்த்துவிடுகிறது.

2025 ஏப்ரலில் இந்திய நூலைத் தரைவழித் துறைகள் வாயிலாக இறக்குமதி செய்வதை வங்கதேசம் தடைசெய்தது. கடல்வழி இறக்குமதி தடைசெய்யப்படவில்லை. இதனை இரு அரசுகளுக்கிடையேயான கசப்பின் வெளிப்பாடாகக் காட்டுவது முரண்பாட்டுச் சட்டகத்தின் வழக்கம். இந்தியா அதற்குச் சில நாள்களுக்கு முன் வங்கதேசச் சரக்குக்கான மாற்றேற்ற வசதியை நிறுத்தியிருந்ததும், மே 17-இல் அந்நாட்டு ஆயத்த ஆடைகள் தரைவழியே வருவதைத் தடுத்ததும் அவ்வாசிப்புக்கு வலுச்சேர்த்தன. ஆயினும் நூல் தடையைக் கோரியவர்கள் வங்கதேசத்தின் நூற்பாலை உரிமையாளர்கள். அதனை எதிர்த்தவர்கள் அந்நாட்டின் ஆடை உற்பத்தியாளர்கள். தாராபுரத்து ஆலைக்கும் திருப்பூர் கம்பெனிக்கும் இடையில் உள்ள அதே இழுபறி நாராயண்கஞ்சிலும் காசிப்பூரிலும் உண்டு. இவ்வொப்புமையைக் கண்டு எழுத இவ்வட்டாரத்தின் செய்தியாளரைவிடத் தகுதியுடையோர் இலர். நாடு நாட்டுடன் மோதுகிறது என்ற சட்டகம் அதற்கு இடந்தரவில்லை.

5. மாவட்டப் பக்கம்: ‘ஊடுருவல்’

ஆட்சி மாற்றத்திற்குப் பின்வந்த மாதங்களில் உரிய ஆவணமின்றித் தங்கியிருந்த வங்கதேசத்தவர் கைதுசெய்யப்பட்ட செய்திகள் திருப்பூர் மாவட்டத்திலிருந்து தொடர்ந்து வந்தன; 2025 ஜனவரியில் பல்லடம் பகுதியிலும் அத்தகைய கைதுகள் நிகழ்ந்தன. ஆவணமின்றித் தங்குவது சட்டப்படி குற்றம். காவல்துறை நடவடிக்கை எடுப்பதும் அது செய்தியாவதும் இயல்பு. ஆராயத்தக்கது அச்செய்தியின் சொல்லாட்சி. ‘ஊடுருவல்’ என்பது படைத்துறைச் சொல். எல்லையைக் கடந்து தாக்க வரும் பகைவருக்கு உரியது. தையல் இயந்திரத்தின் முன் அமர்ந்தவருக்கு அச்சொல் இடப்படும்போது, குடியேற்றச் சட்ட மீறல் நாட்டுப் பாதுகாப்புச் சிக்கலாக உருமாறுகிறது. செய்தியின் ஒரே சான்று காவல்துறைக் குறிப்பு, கைதானவர் பேசுவதில்லை. அவரை வேலைக்கு வைத்தவர் யார், எந்தக் கூலிக்கு வைத்தார் என்ற வினாவும் பெரும்பாலும் எழுவதில்லை.

ஒரே நாட்டிலிருந்து எல்லை கடந்து வந்த இருவருக்கு இருவேறு சொற்கள் கிடைத்தன. பதவியிழந்த தலைவருக்குத் ‘தஞ்சம்’. பிழைப்பிழந்த தொழிலாளிக்கு ‘ஊடுருவல்’. தஞ்சம், அடைக்கலம் ஆகிய சொற்கள் தமிழில் ஏற்பவரின் பெருமையைச் சுட்டும் அறச்சொற்கள். அவை யாருக்கு வழங்கப்படுகின்றன என்பதிலேயே எண்ட்மன் கூறும் அறத்தீர்ப்பு அடங்கியுள்ளது. இருவரது சட்ட நிலையும் வேறு என்பது உண்மையே. ஆனால் அவ்வேறுபாட்டை விளக்கி எழுதுவது ஒன்று. சொல்லின் நிறத்தால் முடித்துவிடுவது வேறொன்று.

இதன் விளைவு எல்லைக்கு அப்பாலிருந்து வந்தவரோடு நிற்பதில்லை. வங்க மொழி பேசும் இந்தியத் தொழிலாளரும் ஐயத்திற்கு உள்ளாகின்றனர். மேற்கு வங்கத் தொழிலாளர்கள் பல மாநிலங்களில் வங்கதேசத்தவர் எனச் சந்தேகிக்கப்பட்டுத் தடுத்துவைக்கப்படுவதாக 2025-இல் அம்மாநில அரசு கடுமையாக எதிர்ப்புத் தெரிவித்தது. தவறான சட்டகத்தால் வரும் தீங்கைத் திருப்பூர் தானே அனுபவித்திருக்கிறது. 2023 மார்ச்சில், தமிழ்நாட்டில் வடமாநிலத் தொழிலாளர் தாக்கப்படுவதாகப் பொய்க் காணொளிகள் பரவின. வட இந்திய ஊடகங்கள் சிலவும் அவற்றை ஏற்றுச் செய்தியாக்கின. தொழிலாளர்கள் அஞ்சி ஊர் திரும்பினர். பீகார் அரசின் குழு நேரில் வந்து விசாரித்தது. தொலைவிலிருந்து வரும் செய்தி ஒரு தொழில் நகரை எவ்வாறு குற்றவாளிக் கூண்டில் நிறுத்தும் என்பதை அன்று தமிழ் இதழ்கள் வாசகருக்கு எடுத்துரைத்தன. அந்த அளவுகோல் வங்கதேசத்தவர் செய்தியில் பயன்படவில்லை.

6. ஓர் ஒப்பீடு: இலங்கை, 2022

அயல்நாட்டு நெருக்கடியை வேறு வகையில் சட்டகப்படுத்தவும் தமிழ் இதழியல் அறியும். 2022 ஏப்ரல் 12-இல் இலங்கை தன் வெளிநாட்டுக் கடனைத் திருப்பிச் செலுத்துவதை நிறுத்திவைத்தது. ஜூலை 9-இல் மக்கள் குடியரசுத் தலைவர் மாளிகைக்குள் நுழைந்தனர். 13-ஆம் நாள் கோத்தபய ராஜபக்ச நாட்டைவிட்டு வெளியேறினார். இலங்கையும் ஆடை ஏற்றுமதி செய்யும் நாடே. ஆர்டர்கள் இந்தியாவுக்கு வரலாம் என்ற பேச்சு அப்போதும் எழுந்தது. ஆயினும் அது முதன்மைச் சட்டகமாகவில்லை. அரிசி, பால்மாவு, எரிவாயு வரிசைகளில் நின்ற மக்களே முன்னிடம் பெற்றனர். தனுஷ்கோடிக்குப் படகில் வந்திறங்கியோர் ‘ஊடுருவியோர்’ எனப்படவில்லை. ‘அகதிகள்’ என்றும் ‘இலங்கைத் தமிழர்’ என்றும் சுட்டப்பட்டனர். உதவி அனுப்பத் தமிழ்நாடு சட்டப்பேரவை ஏப்ரல் 29-இல் தீர்மானம் நிறைவேற்றியது. முதற்கட்டப் பொருள்களுடன் கப்பல் மே 18-இல் சென்னையிலிருந்து புறப்பட்டது.

இவ்வேறுபாட்டுக்கு மொழியுறவும் இனவுறவும் காரணம் என்பது வெளிப்படை. எனினும் இலங்கைச் செய்தியிலும் ஒரு விடுபடல் இருந்தது. காலிமுகத் திடலில் திரண்டவர்களின் அரசியல் கோரிக்கைகளைவிட, மாளிகையின் நீச்சல்குளத்தில் இறங்கியோரின் படமே நினைவில் நின்றது. உறவின் பெயரால் அணுகினாலும் வணிகத்தின் பெயரால் அணுகினாலும், ‘நமக்கு என்ன’ என்ற வினாவே முந்துகிறது. ‘அவர்கள் கேட்பது என்ன’ என்பது பிந்துகிறது. இலங்கை ஒப்பீடு தெளிவாக்குவது இது: எல்லை கடந்தவரைக் குறிக்க மென்மையான சொற்கள் தமிழ் இதழியலிடம் உள்ளன, அவற்றைப் பயன்படுத்துவது தேர்வின்பாற்பட்டது.

7. திரும்பிய தராசு

2025 ஆகஸ்டில் இந்தியப் பொருள்கள் மீது அமெரிக்கா முதலில் 25 விழுக்காடும், ரஷ்ய எண்ணெய்க் கொள்முதலைக் காரணம் காட்டி ஆகஸ்டு 27 முதல் மேலும் 25 விழுக்காடும் வரி விதித்தது. வங்கதேசத்திற்கு விதிக்கப்பட்ட வரி 20 விழுக்காடு. ஓராண்டுக்கு முன் டாக்காவின் துயரம் திருப்பூரின் வாய்ப்பு என எழுதப்பட்டது. இப்போது திருப்பூரின் துயரம் டாக்காவின் வாய்ப்பாயிற்று. இம்முறை தமிழ் நாளிதழ்கள் கையாண்ட சட்டகம் வேறு. தொழிலாளரின் வேலையிழப்பு அச்சம், சிறு நிறுவனங்களின் கடன், அரசு செய்ய வேண்டிய உதவி ஆகியவை முன்னுக்கு வந்தன. சிக்கல், காரணம், அறத்தீர்ப்பு, தீர்வு என நான்கும் அமைந்த முழுமையான செய்தியாக்கம் அது. தன் தொழிலாளரைப் பற்றி எழுதும்போது இயலும் இம்முழுமை, அதே இயந்திரத்தில் அதே கொள்முதல் நிறுவனத்திற்காகத் தைக்கும் அயல்நாட்டுத் தொழிலாளரைப் பற்றி எழுதும்போது இயலாமற் போனது என்பதே இங்கு மனங்கொள்ளத்தக்கது.

முடிவுரை

வங்கதேச நெருக்கடி பற்றிய தமிழ்ச் செய்திகளில் காணப்படும் குறை தகவல் பற்றாக்குறையன்று. ஹசீனாவின் வருகை, ஆர்டர் எதிர்பார்ப்பு, நூல் தடை, கைது நடவடிக்கை ஆகிய அனைத்தும் அச்சேறின. அவை ஒரே சங்கிலியின் கண்ணிகள் என்பதே அச்சேறவில்லை. பருத்தி நூலாகி, நூல் ஆடையாகி, ஆடை கப்பலேறும் வழியில் தாராபுரமும் திருப்பூரும் காசிப்பூரும் ஒரே தொழிலின் ஊர்கள். கூலி குறைந்த இடத்திற்கு ஆர்டர் நகர்கிறது. வேலையுள்ள இடத்திற்குத் தொழிலாளி நகர்கிறார். முதல் நகர்வை வணிகப் பக்கம் ‘வாய்ப்பு’ என்கிறது. இரண்டாம் நகர்வை மாவட்டப் பக்கம் ‘ஊடுருவல்’ என்கிறது.

மாவட்டப் பக்கத்தின் நிருபருக்கு ஆலைக்கும் கம்பெனிக்கும் உள்ள உறவு தெரியும். வணிகப் பக்கத்திற்கு ஏற்றுமதிக் கணக்கு தெரியும். உலகப் பக்கத்திற்கு டாக்காவின் நிகழ்வு தெரியும். மூவரின் அறிவும் ஒரு செய்தியில் கூடுமானால், நூற்பாலை வேலைக்குச் செல்லும் தாராபுரத்து வாசகர் தன் வேலை நாள் ஏன் குறைந்தது என்பதையும், அதே வாரத்தில் டாக்காவின் தெருவில் ஒருவர் ஏன் நின்றார் என்பதையும் சேர்த்தே அறிய இயலும். அயல்நாட்டு நெருக்கடி குறித்த செய்தியாக்கத்தைத் தமிழில் செம்மைப்படுத்த முனைவோர், சொற்களை மாற்றுவதோடு நில்லாமல் இப்பக்கப் பிரிவினையையும் மறு ஆய்வுக்கு உட்படுத்துதல் வேண்டும்.